பேசத் தெரிந்தும் தெரியாது என்பவர்கள்: கால்வேயில் ஒரு நர்ஸின் அனுபவம்

அயர்லாந்துக்கு வேலைக்கு வர நினைக்கும் நம் ஊர் நர்ஸ்களின் பெரிய கவலை ஆங்கிலத் தேர்வுதான். ஓஇடி, இல்லையென்றால் ஐஈஎல்டிஎஸ். அதில் தேறிவிட்டால் மொழிப் பிரச்சினை முடிந்தது என்ற நினைப்போடுதான் எல்லோரும் விமானம் ஏறுகிறோம். டப்ளினில் வேலை கிடைத்தவர்களுக்கு அது பெரும்பாலும் சரியாகவே இருக்கும். எனக்குக் கிடைத்த வேலை மேற்கே, கால்வே நகரத்தைத் தாண்டிக் கடலை ஒட்டிப் போகும் கானமாரா சாலையில் ஒரு முதியோர் இல்லத்தில். வீட்டிலும் கடையிலும் சர்ச்சிலும் ஐரிஷ் பேசும் ஊர்கள் இந்தப் பக்கம் இன்னும் இருக்கின்றன. அப்படிப்பட்ட பகுதிகளுக்குக் கேல்டக்ட் என்று பெயர். எங்கள் இல்லத்துப் பெரியவர்களில் பலர் அங்கே பிறந்தவர்கள். பள்ளிக்கூடத்திலோ, பிழைப்புக்காக இங்கிலாந்து போன பிறகோதான் ஆங்கிலம் அவர்களுக்கு வாயில் வந்திருக்கிறது.

மறதி நோய் முற்றும்போது பின்னால் கற்ற மொழி முதலில் போய்விடுவதை எங்கள் வேலையில் அடிக்கடி பார்க்கிறோம். காலையில் ஆங்கிலத்தில் வானிலை பேசிய பாட்டி, மாலை மங்கியதும் ஐரிஷுக்குப் போய்விடுவார். இருட்டும் நேரத்தில்தான் இவர்களுக்குப் பதற்றமும் கூடும். ஒரு பாட்டி நாற்காலியின் கையைத் தட்டிக்கொண்டே "இஷ்கா, இஷ்கா" என்பார். தண்ணீர் கேட்கிறார். மாத்திரை கொடுக்கப் போனால் கையைத் தட்டிவிடுவார். கரரோ என்ற ஐரிஷ் பேசும் ஊர்ப் பக்கத்திலிருந்து வரும் ஹெல்த்கேர் அசிஸ்டென்ட் ஒருவர் பக்கத்தில் முழங்காலிட்டு, அவர் கண்ணுக்கு நேராக முகத்தை வைத்து, "கே ஹீ வில் டூ?" என்று ஆரம்பிப்பார். எப்படி இருக்கீங்க என்பதுதான், வேறொன்றுமில்லை. பாட்டியின் தோள் தளர்ந்து இறங்குவது கண்ணுக்கே தெரியும். பிறகு மாத்திரையும் உள்ளே போகும், தண்ணீரும் போகும்.

அந்த அசிஸ்டென்ட்டிடம் கேட்டுத்தான் நான் ஐரிஷ் கற்க ஆரம்பித்தேன். முதலில் வேலைக்கு வேண்டியது மட்டும். "அன் வில் பீயன் ஒர்ட்?" என்றால் வலிக்கிறதா. "ஸி ஷீஸ்" என்றால் உட்காருங்கள். "கொ ரெவ் மா அகட்" என்றால் நன்றி. தமிழ் எழுத்தில் ஒரு சின்ன நோட்டில் எழுதி, சீருடைப் பையிலேயே வைத்துக்கொண்டேன். மேற்கே வேலைக்கு வருகிறவர்களுக்கு நான் சொல்லும் முதல் விஷயமும் இதுதான்: நலம், வலி, தண்ணீர், கழிப்பறை, நன்றி. இந்த ஐந்துக்கும் வார்த்தை தெரிந்தால் இரவுப் பணி பாதி இலகுவாகும். இலக்கணமெல்லாம் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.

ஆனால் என்னை உண்மையில் யோசிக்க வைத்தவர் வேறு ஒரு பெரியவர். கானமாராக்காரர் இல்லை, தெற்கே கிளேர் மாவட்டம். தொண்ணூறைத் தொட்டவர், நினைவு தெளிவாக இருப்பவர். "உங்களுக்கு ஐரிஷ் தெரியுமா?" என்று கேட்டால் உடனே, கொஞ்சம் கடுமையாகவே, "ஒரு வார்த்தைகூடத் தெரியாது" என்பார். அதே மனிதர் ராத்திரி ஜெபமாலையை உருட்டும்போது உதடு முணுமுணுப்பது, "ஷே டொ வாஹா, அ விரா..." அருள்நிறை மரியே ஜெபம், ஐரிஷில், ஒரு இடம் தட்டாமல். நாள்கள் போய் நன்றாகப் பழகிய பிறகு அவராகவே சொன்னார். அப்பாவும் அம்மாவும் அவர்களுக்குள் ஐரிஷ்தான் பேசுவார்களாம். பிள்ளைகளிடம் திரும்பினால் ஆங்கிலம். பிள்ளைகளுக்குப் புரியக் கூடாத விஷயத்துக்கு ஐரிஷ், பிள்ளைகள் முன்னேற வேண்டிய விஷயத்துக்கு ஆங்கிலம். "எங்க பாட்டியோட என்னால பேசவே முடியல" என்றார். பாட்டிக்கு ஆங்கிலம் சரியாக வராது. ஒரே கூரை, ஒரே அடுப்பு, பாட்டிக்கும் பேரனுக்கும் நடுவில் பேச்சு கிடையாது.

ஒரு தாயும் தகப்பனும் தங்கள் பிள்ளைக்குத் தங்கள் மொழியைக் கொடுக்காமல் விடுவது எப்படி நடக்கும்? அந்தக் கேள்வி என்னை விடவில்லை. நூலகத்திலிருந்து புத்தகங்கள் எடுத்து வந்து படித்தேன், உடன் வேலை பார்ப்பவர்களை நச்சரித்துக் கேட்டேன். சட்டத்தால் மட்டும் ஒரு மொழி இப்படிப் போகாது என்பது மெல்லத்தான் பிடிபட்டது.

சட்டங்கள் இருக்கத்தான் இருந்தன. 1366இல் கில்கெனியில் போட்ட சட்டம், அயர்லாந்தில் குடியேறிய ஆங்கிலேயர்கள் ஐரிஷ் பேசக் கூடாது என்றது. அந்தக் காலத்தில் வந்தவர்கள்தான் ஊரோடு ஊராகக் கலந்து ஐரிஷ்காரர்களாக மாறிக்கொண்டிருந்தார்கள், அதைத் தடுக்கத்தான் சட்டம். அது பெரிதாகப் பலிக்கவில்லை. காற்று திரும்பியது 17ஆம் நூற்றாண்டில். 1601இல் கின்சேல் போரில் ஐரிஷ் பிரபுக்கள் தோற்றார்கள், 1607இல் அவர்களில் முக்கியமானவர்கள் கப்பலேறிப் போய்விட்டார்கள், வடக்கே அல்ஸ்டரில் அவர்கள் நிலத்தைப் பிரித்து ஆங்கிலேய, ஸ்காட்டிஷ் குடியேறிகளுக்குக் கொடுத்தார்கள். பிறகு இங்கிலாந்திலிருந்து வந்த க்ராம்வெலின் படை, அதன் பின் கத்தோலிக்கர்கள் நிலம் வாங்குவதையும் படிப்பதையும் முடக்கிய தண்டனைச் சட்டங்கள். ஐரிஷில் பாட்டெழுதும் புலவனை ஆதரிக்கப் பணமுள்ளவன் யாரும் மிஞ்சவில்லை. நிலம், நீதிமன்றம், பதவி எல்லாம் ஆங்கிலத்துக்குப் போனது. ஐரிஷ் ஏழையின் மொழியானது.

1737இல் வந்த ஒரு சட்டம், நீதிமன்ற நடவடிக்கை எல்லாம் ஆங்கிலத்தில்தான் என்றது, மீறினால் அபராதம். வட அயர்லாந்தில் அதை நீக்க 2022இல்தான் சட்டம் வந்தது. அந்த ஆங்கில நீதிமன்றம் ஒரு மனிதனை என்ன செய்தது என்பதைக் கால்வேயில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். 1882இல் மாம்ட்ராஸ்னா என்ற மலைக் கிராமத்தில் ஒரு வீட்டில் ஐந்து பேர் கொல்லப்பட்டார்கள். பிடித்துப் போன பத்துப் பேரில் ஒருவர் மைல்ஸ் ஜாய்ஸ், ஐரிஷில் மோல்ரா ஷோய. அவருக்கு ஐரிஷ் மட்டும்தான் தெரியும். விசாரணை டப்ளினில், ஆங்கிலத்தில் நடந்தது. தன் உயிரைப் பற்றி என்ன பேசுகிறார்கள் என்று புரியாமலேயே அவர் கூண்டில் நின்றார். கூடவே தூக்குத் தண்டனை பெற்ற மற்ற இருவரும் அவர் குற்றமற்றவர் என்று வாக்குமூலம் கொடுத்தும் தண்டனை மாறவில்லை. அந்த டிசம்பரில் கால்வே சிறையில் மூவரையும் தூக்கிலிட்டார்கள். கயிற்றின் கீழும் அவர் ஐரிஷில் தான் நிரபராதி என்று சொல்லிக்கொண்டிருந்தார். 2018இல் ஜனாதிபதி மைக்கேல் டி. ஹிக்கின்ஸ் அவருக்கு மன்னிப்பு வழங்கினார். அந்தச் சிறை இருந்த இடத்தில் இப்போது கால்வே கதீட்ரல் நிற்கிறது.

இந்தக் கதை தெரிந்த பிறகு சம்மதப் படிவத்தில் கையெழுத்து வாங்கும்போது என் கை கொஞ்சம் நிதானிக்கிறது. தலையாட்டினால் அது சம்மதம் ஆகாது. விளக்கிச் சொன்ன பிறகு, "நாளைக்கு என்ன செய்யப் போகிறோம், நீங்களே சொல்லுங்கள்" என்று கேட்பேன், அவர் மொழியில், அவர் வார்த்தையில். எனக்குப் புரியாவிட்டால் ஐரிஷ் தெரிந்த சக ஊழியரைக் கூப்பிடுவேன். வீட்டாரை மொழிபெயர்க்க வைப்பதை முடிந்தவரை தவிர்க்கிறேன். மகளோ மகனோ கெட்ட செய்தியை மென்மையாக்கிவிடுவார்கள், சில நேரம் சொல்லாமலே விட்டுவிடுவார்கள். இது ஐரிஷுக்கு மட்டுமில்லை, போலிஷ், உக்ரேனியன், போர்ச்சுகீஸ் பேசுகிறவர்களுக்கும் இதே முறைதான்.

சரி, கிளேர் பெரியவரின் பெற்றோருக்கு வருவோம். 1831இல் தேசியப் பள்ளிகள் வந்தன. ஏழைப் பிள்ளைக்கும் படிப்பு, ஊருக்கு ஊர் கட்டடம், நல்ல விஷயம்தான். ஆனால் பாடம் முழுக்க ஆங்கிலத்தில். ஐரிஷ் என்று ஒரு பாடமே பல பத்தாண்டுகளுக்கு இல்லை. பிள்ளையின் கழுத்தில் கயிறு கட்டி ஒரு குச்சியைத் தொங்கவிடுவார்கள். ஒவ்வொரு முறை ஐரிஷ் பேசும்போதும் அதில் ஒரு வெட்டு. சாயங்காலம் ஆசிரியர் வெட்டுகளை எண்ணி அத்தனை அடி கொடுப்பார். இதை வெறும் வெள்ளைக்காரன் கொடுமை என்று முடித்துவிட முடியாது. வீட்டில் பிள்ளை ஐரிஷ் பேசினால் அந்தக் குச்சியில் வெட்டுப் போட்டு அனுப்பிய பெற்றோர்கள் இருந்தார்கள். கரரோவிலிருந்து வரும் அந்த அசிஸ்டென்ட் இதைச் சொல்லும்போது குரல் இறங்கிவிடும். அவர் வீட்டுக் கதையிலும் ஒரு குச்சி இருக்கிறதாம், கொள்ளுப்பாட்டி காலத்தில். மக்களின் மாபெரும் தலைவர் டேனியல் ஓ'கானலே ஐரிஷ் பேசும் கெர்ரியில் வளர்ந்தவர், ஆனால் ஆங்கிலத்தால் கிடைக்கும் பயன் பெரிது, ஐரிஷ் மெல்ல மறைவதில் தனக்கு வருத்தமில்லை என்றவர். தலைவரும் ஆசிரியரும் ஒரே திசையைக் காட்டினால் ஏழைத் தகப்பன் வேறு எந்தப் பக்கம் போவான்?

அந்தத் திசையில் அவர்களை ஓட வைத்தது பஞ்சம். நல்ல நிலத்தில் விளைந்த தானியம் குத்தகைக்குப் போனது, குடியானவன் வயிற்றுக்கு உருளைக்கிழங்கு. 1845இல் கிழங்கில் அழுகல் நோய் இறங்கியது, மறுபடி மறுபடி திரும்பியது. 1852 வரை பத்து லட்சம் பேர் பசியிலும் காய்ச்சலிலும் இறந்தார்கள், இன்னொரு பத்து லட்சம் பேர் கப்பலேறினார்கள். அந்தக் காலத்திலும் தானியமும் கால்நடையும் வெண்ணெயும் துறைமுகங்கள் வழியாக இங்கிலாந்துக்குப் போய்க்கொண்டிருந்தன. கால் ஏக்கருக்கு மேல் நிலம் வைத்திருந்தால் நிவாரணம் கிடையாது என்று 1847இல் ஒரு விதி போட்டார்கள். சாப்பாட்டுக்காக நிலத்தை விட்டவர்கள் பிறகு அதைத் திரும்பப் பார்க்கவே இல்லை. அதிகம் இறந்ததும் அதிகம் வெளியேறியதும் மேற்கும் தெற்கும், அதாவது ஐரிஷ் பேசிய பகுதிகள். 1841இல் 80 லட்சத்தைத் தாண்டியிருந்த மக்கள்தொகை 1851இல் சுமார் 65 லட்சம். அந்தக் கணக்கெடுப்பில்தான் முதல்முறையாக மொழியைக் கேட்டார்கள், ஐரிஷ் பேசுவதாகச் சொன்னவர்கள் சுமார் 15 லட்சம். பிறகு பாஸ்டனுக்கும் லிவர்பூலுக்கும் போக வேண்டிய பிள்ளைக்கு எந்த மொழி சோறு போடும் என்பதில் யாருக்கும் சந்தேகமில்லை.

லண்டன் கருவூலத்தில் இருந்துகொண்டு பஞ்ச நிவாரணச் செலவைக் கையில் வைத்திருந்தவர் சார்ல்ஸ் ட்ரெவெல்யன். அரசு அளவுக்கு மேல் உதவினால் மக்கள் சோம்பேறியாவார்கள், சந்தையில் தலையிடக் கூடாது என்ற கொள்கைக்காரர். இங்கே பள்ளிப் பிள்ளைகளுக்கும் அந்தப் பெயர் தெரியும். எனக்கு அது வேறு விதத்தில் பக்கத்துப் பெயர். 1830களில் கல்கத்தாவில் இருந்தபோது, இந்தியர்களுக்கு ஆங்கிலக் கல்விதான் வேண்டும் என்று மெக்காலேயின் பக்கம் நின்று வாதாடியவர் அவர். மெக்காலேயின் தங்கையை மணந்தவரும்கூட. 1859இல் சென்னை மாகாண ஆளுநராக வந்து, புதிய வரித் திட்டத்தைப் பகிரங்கமாக எதிர்த்ததால் அடுத்த ஆண்டே திரும்ப அழைக்கப்பட்டார். அங்கே மக்கள் பக்கம் நின்றதற்காகப் பதவி போனவர், இங்கே மக்களைப் பட்டினி போட்டவர் என்று பெயர் வாங்கியவர். ஒரே மனிதர். நம் தாத்தாக்களின் ஆங்கிலப் படிப்புக்கும் கானமாராவின் காலி வீடுகளுக்கும் ஒரே மேசையிலிருந்து காகிதம் போயிருக்கிறது என்று தெரிந்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை.

மீட்பு முயற்சிகளைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1893இல் டக்ளஸ் ஹைட், ஓவன் மெக்நீல் போன்றவர்கள் கேலிக் லீக் என்ற மொழி இயக்கத்தைத் தொடங்கினார்கள். ஹைட் ஒரு புராட்டஸ்டன்ட் பாதிரியாரின் மகன், பிறகு நாட்டின் முதல் ஜனாதிபதி. 1922இல் சுதந்திரம் கிடைத்த பிறகு புது அரசு ஐரிஷைப் பள்ளிகளில் கட்டாயமாக்கியது. 1937 அரசியலமைப்பின் 8ஆம் பிரிவு ஐரிஷை முதல் ஆட்சிமொழி என்கிறது. 2007இலிருந்து அது ஐரோப்பிய ஒன்றியத்தின் ஆட்சிமொழிகளில் ஒன்று. இத்தனைக்கும் பிறகு 2022 கணக்கெடுப்பில் ஐரிஷ் தெரியும் என்றவர்கள் 18,73,997 பேர், நாட்டில் 40 சதவீதம். பள்ளிக்கு வெளியே தினமும் பேசுபவர்கள் 71,968 பேர்தான். நூறு வருடப் பள்ளிக்கூடத்தால் எட்டிப் பிடிக்க முடிந்தது இவ்வளவு. அடுப்பங்கரையில் விட்ட மொழியை வகுப்பறையில் முழுசாகத் திருப்பி எடுக்க முடியவில்லை. ஆசிரியர்களை நான் குறை சொல்லவில்லை. வகுப்பறையால் முடிகிற வேலை இல்லை அது.

இதைப் படித்து முடித்த கையோடு நம் ஆட்களின் வீடுகளைப் பார்த்தேன். பொங்கலுக்கோ பிறந்தநாளுக்கோ கூடுகிறோம். சமையலறையில் அக்காக்கள் எல்லோரும் தமிழ், ஹாலில் அண்ணன்கள் தமிழ். பிள்ளை உள்ளே வந்தால், "கண்ணா, ஹாவ் யூ ஈட்டன்?" பெரியவர்கள் தங்களுக்குள் ஒரு மொழி, பிள்ளையிடம் வேறு மொழி. கிளேர் பெரியவர் சொன்ன வீடு அப்படியே என் கண்முன் நிற்கிறது. நம் கழுத்தில் யாரும் குச்சி கட்டவில்லை, நமக்குப் பஞ்சமும் இல்லை. நம் பிள்ளைகள் தமிழை விட்டால் தமிழ் செத்துவிடாது, கோடிக்கணக்கில் பேச ஆள் இருக்கிறது. அந்த வகையில் ஐரிஷின் நிலைமை நமக்கு இல்லை. ஆனால் திருநெல்வேலியில் போனைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும் ஆச்சிக்கும் இங்கிருக்கும் பேத்திக்கும் நடுவில் போவது முழுசாகத்தான் போகிறது.

எங்கள் வீட்டில் இப்போது என்ன செய்கிறோம் என்று சொல்கிறேன். மகள் ஆங்கிலத்தில் கேட்டாலும் பதில் தமிழில்தான். திருத்துவதில்லை, திட்டுவதில்லை, கிண்டல் செய்ய யாரையும் விடுவதில்லை. கிண்டல் செய்தால் பிள்ளை வாயை மூடிக்கொள்ளும், அதுவும் ஒரு குச்சிதான். ஆச்சியோடு பேசும்போது நானும் என் வீட்டுக்காரரும் அறையை விட்டு வெளியே போய்விடுகிறோம், பக்கத்தில் இருந்தால் எங்களை மொழிபெயர்க்கச் சொல்லி இரண்டு பேரும் தப்பித்துவிடுவார்கள். ஞாயிற்றுக்கிழமைத் தமிழ் வகுப்பு நல்லதுதான், அனுப்புகிறோம். எழுதப் படிக்க அது உதவும். பேச்சை அது கொடுக்கும் என்று எதிர்பார்க்கவில்லை.

பள்ளி ஐரிஷைப் பற்றி நம் பெற்றோர்கள் அதிகம் கேட்பது விலக்குதான். 12 வயது வரை வெளிநாட்டில் படித்துவிட்டு வரும் பிள்ளைகளுக்கு விலக்குக் கேட்கலாம், பள்ளியில் விசாரித்துக்கொள்ளுங்கள். சின்னப் பிள்ளைகளாக இருந்தால் விலக்குப் பக்கமே போகாதீர்கள் என்பது என் அபிப்பிராயம். இரண்டு மொழி ஏற்கனவே காதில் இருக்கும் பிள்ளைக்கு மூன்றாவது பாரம் இல்லை. வகுப்பில் பெரும்பாலான பிள்ளைகளுக்கும் வீட்டில் ஐரிஷ் கிடையாது, அந்தப் பாடத்தில் நம் பிள்ளை பின்தங்கித் தொடங்குவதில்லை. பிற்காலத்தில் இங்கே ஆரம்பப் பள்ளி ஆசிரியராக வேண்டுமென்றால் ஐரிஷ் இல்லாமல் முடியாது. வீட்டுப்பாடத்துக்கு உதவ முடியவில்லையே என்று தவிப்பவர்கள், டிஜி4 என்ற ஐரிஷ் மொழிச் சேனலில் பிள்ளைகள் நிகழ்ச்சியைக் கூடவே உட்கார்ந்து பாருங்கள். காரில் போகும்போது ரேடியோ ந கேல்டக்ட் என்ற ஐரிஷ் வானொலி ஓடட்டும், வேறெதுவும் செய்ய வேண்டாம், காது பழகும்.

பெயர்களைப் பற்றி ஒன்று சொல்லியே ஆக வேண்டும். எழுத்தைப் பார்த்தால் என், ஐ, ஏ, எம், எச் என்று இருக்கும், கூப்பிடும்போது நீவ். டி, ஏ, டி, எச், ஜி என்று இருப்பவர் டைக். குழப்பம் போலத் தெரியும், ஆனால் அதற்கென்று ஒழுங்கான விதி இருக்கிறது. பி-க்கும் எம்-க்கும் பின்னால் எச் வந்தால் பெரும்பாலும் 'வ' ஒலி. இந்த ஒன்று தெரிந்தாலே பாதிப் பெயர்கள் வாயில் வந்துவிடும். நோயாளியின் பெயரை முதல் நாளே சரியாகக் கூப்பிட்டால் அவர் முகம் மலரும். நம் பெயரைச் சரியாகச் சொல்ல அவர்களும் முயற்சி எடுப்பார்கள்.

இன்னொன்று மருந்து சம்பந்தப்பட்டது, புதிதாக வருபவர்கள் கவனமாக இருக்க வேண்டியது. இங்கத்து ஆங்கிலத்தில் ஐரிஷ் அமைப்பு நிறையக் கலந்திருக்கிறது. "ஐ'ம் ஆஃப்டர் டேக்கிங் மை டேப்லெட்" என்று ஒருவர் சொன்னால், மாத்திரையை இப்போதுதான் போட்டேன் என்று அர்த்தம். இனிமேல் போடுவேன் என்று எடுத்துக்கொண்டு இன்னொன்று கொடுத்துவிடக் கூடாது. சார்ட்டைப் பார்க்காமல் எதுவும் கொடுக்கக் கூடாது என்பது பொது விதி, இந்த நாட்டில் அதற்கு இன்னும் ஒரு காரணம் இருக்கிறது.

எங்கள் இல்லத்தில் இப்போது புதிதாகச் சேரும் ஒவ்வொருவரின் பராமரிப்புக் குறிப்பிலும் முதல் பக்கத்தில் மூன்று விஷயம் எழுதுகிறோம்: சின்ன வயதில் வீட்டில் பேசிய மொழி, ஜெபிக்கும் மொழி, எந்தப் பெயரால் கூப்பிட வேண்டும். இரண்டாவதைத் தனியாகக் கேட்கக் காரணம் அந்தக் கிளேர் பெரியவர். "ஐரிஷ் தெரியுமா" என்ற கேள்விக்கு அந்தத் தலைமுறையில் பலர் இல்லை என்றே சொல்வார்கள். எந்த மொழியில் ஜெபிப்பீர்கள் என்று கேட்டால் உண்மை வரும். மேயோ, டோனிகல், கெர்ரி பக்கம் வேலை கிடைத்து வருகிறவர்கள் இந்த மூன்று கேள்வியையும் உங்கள் இடத்திலும் கேட்கத் தொடங்குங்கள். நலம் விசாரிப்பது ஊருக்கு ஊர் மாறும். இங்கே "கே ஹீ வில் டூ", கெர்ரியில் "குனஸ் டீ", டோனிகலில் "கஜே மர் அடா டூ". போய்ச் சேர்ந்த முதல் வாரத்திலேயே உள்ளூர் அசிஸ்டென்ட் யாரிடமாவது கேட்டு அந்த ஊர் வழக்கையே பிடித்துக்கொள்ளுங்கள்.